திரும்பும் தேதியிலிருந்து எண்ணுங்கள், அம்மா

கேள்வி: ஐயா, எனக்கு வயது 57. நான் பிறந்தது பாகூர், வாழ்க்கைப்பட்டது நெய்வேலி. கணவர் என்.எல்.சி.யில் வேலை பார்த்து ஓய்வு பெற்றுவிட்டதால் குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு இப்போது கடலூர் மஞ்சக்குப்பத்தில் இருக்கிறோம். மகள் பிரான்சில் துலூஸ் நகரத்தில் இருக்கிறாள். அவளுக்கு நவம்பரில் பிரசவம். அக்டோபர் 10 அன்று அங்கே போய்ச் சேர்ந்து, ஜனவரி 5 அன்று கிளம்பலாம் என்று இருக்கிறோம். போகிற வழியில் துபாயில் தம்பி வீட்டில் 2 நாள் தங்கவும் ஆசை. என் பாஸ்போர்ட் அடுத்த மார்ச் 17 வரை செல்லும், கணவருடையது ஏப்ரல் 28 வரை. "திரும்பி வந்த பிறகுதானே காலாவதியாகிறது, கவலை வேண்டாம்" என்கிறார் டிக்கெட் போட்டுத் தருபவர். இன்னொருவர், தட்கலில் புதுப்பித்துத் தர ஆளுக்கு 8,000 ரூபாய் கேட்கிறார். ஆதாரில் என் பெயர் ஒரு மாதிரியும் பாஸ்போர்ட்டில் வேறு மாதிரியும் இருக்கிறது. கணவர் பாஸ்போர்ட்டில் சர்நேம் கட்டம் காலி. என் பாஸ்போர்ட்டில் இ.சி.ஆர். என்று வேறு இருக்கிறது. எங்கிருந்து தொடங்குவது?
— ஒரு வாசகி, மஞ்சக்குப்பம்

பதில்: அம்மா, வணக்கம். இதைப் படித்ததும் முதல் வேலையாக மகளுக்கு ஒரு போன் போடுங்கள். பிரான்சில் சொந்தக்காரர் வீட்டில் தங்கப் போகிறவர்களுக்காக, அந்த வீட்டுக்காரர் தம் ஊர் நகராட்சியில் ஒரு தங்குமிடச் சான்று வாங்க வேண்டும். 'அத்தெஸ்தாசியோன் தக்கேய்' என்பார்கள். உங்கள் மகளுக்கே தெரிந்திருக்கும். விருந்தாளியின் பாஸ்போர்ட் எண் அதில் எழுதப்படும். நம் ஊரில் பாஸ்போர்ட்டைப் புதுப்பித்தால் எண் மாறிவிடும். பழைய எண்ணை வைத்து மகள் இப்போது அந்தச் சான்றை வாங்கிவிட்டால், நிறைமாதத்தில் மறுபடியும் நகராட்சிக்கு நடக்க வேண்டியிருக்கும். அதனால் "புது எண் வரும்வரை பொறு" என்று சொல்லிவிடுங்கள்.

அப்படியானால் புதுப்பித்தே ஆக வேண்டுமா? உங்களுடையதைக் கட்டாயம் புதுப்பிக்க வேண்டும்.

டிக்கெட் போட்டவர் சொன்னது பாதி உண்மை. ஒரே விசாவில் போய்வரக்கூடிய ஐரோப்பிய நாடுகளை ஷெங்கன் நாடுகள் என்பார்கள், பிரான்சும் அதில் ஒன்று. அங்கே போகிறவர், அந்தப் பகுதியை விட்டு வெளியேறும் நாளுக்குப் பிறகும் குறைந்தது 3 மாதம் செல்லுகிற பாஸ்போர்ட் வைத்திருக்க வேண்டும். அந்தப் பாஸ்போர்ட் 10 வருடத்துக்குள் வாங்கியதாகவும், 2 பக்கமாவது வெறுமையாகவும் இருக்க வேண்டும். நீங்கள் கிளம்புவது ஜனவரி 5. அதிலிருந்து 3 மாதம் என்றால் ஏப்ரல் 5. உங்கள் பாஸ்போர்ட் மார்ச் 17-லேயே முடிந்துவிடுகிறது, 19 நாள் குறைகிறது. கணவருடையது 23 நாள் வித்தியாசத்தில் தப்பித்துவிடுகிறது.

துபாய்க்குக் கணக்கு வேறு. அங்கே இறங்கும் நாளிலிருந்து 6 மாதம் வேண்டும். அக்டோபர் 8 அன்று இறங்கினால் ஏப்ரல் 8 வரை. இதிலும் நீங்கள் தேற மாட்டீர்கள், அவர் தேறுவார். சிங்கப்பூர், மலேசியா, தாய்லாந்து எல்லாவற்றுக்கும் இதே 6 மாதக் கணக்குதான். நம் ஊரில் 'ஆறு மாசம் இருந்தால் போதும்' என்று பொதுவாகச் சொல்கிறார்கள். எந்த நாட்டுக்கு, போகும் தேதியிலிருந்தா திரும்பும் தேதியிலிருந்தா என்று யாரும் சொல்வதில்லை.

இந்தக் கணக்கில் நானே ஒரு முறை வழுக்கியிருக்கிறேன். ஊருக்கெல்லாம் பாஸ்போர்ட் விண்ணப்பம் போட்டுக் கொடுக்கிறவன், மைத்துனர் மகள் கல்யாணத்துக்கு மலேசியா கிளம்பினேன். என் பாஸ்போர்ட்டில் 6 மாதத்துக்கு 10 நாள் குறைவு. டிக்கெட் எடுத்த அன்றைக்கு 7 மாதம் இருந்தது, அதற்கப்புறம் புரட்டிப் பார்க்கவே இல்லை. மீனம்பாக்கத்தில் செக்-இன் கவுண்டரில் இருந்த பெண் விரல்விட்டு எண்ணினார், நிமிர்ந்து என்னைப் பார்த்தார், மறுபடியும் எண்ணினார். மனைவியும் பிள்ளைகளும் விமானம் ஏறினார்கள். நான் முறுக்கு டின்னை அவர்களிடம் கொடுத்துவிட்டுக் கோயம்பேட்டில் பாண்டிச்சேரி பஸ் பிடித்தேன். விமான நிறுவனத்தின் மேல் தப்பே கிடையாது. தகுதியில்லாத பாஸ்போர்ட்டோடு ஆளை ஏற்றிக்கொண்டு போனால், திருப்பி அழைத்து வரும் செலவு அவர்கள் தலையில்தான் விழும். அதனால் குடியேற்ற அதிகாரியைவிடக் கவுண்டரில் இருப்பவர்கள்தான் கறாராக இருப்பார்கள்.

23 நாள் மிச்சம் இருக்கிறதே என்று கணவருடையதை விட்டுவிடலாமா? நானாக இருந்தால் விட மாட்டேன். அவர் பாஸ்போர்ட்டில் நெய்வேலி குவார்ட்டர்ஸ் முகவரி இருக்கிறது, சர்நேம் கட்டம் காலியாக இருக்கிறது. திரும்பி வந்த சில மாதத்தில் எப்படியும் இதே வேலையைச் செய்யத்தான் போகிறார். பேரனோ பேத்தியோ பிறந்த பிறகு பாட்டியும் தாத்தாவும் அடுத்த பயணத்தைத் தள்ளிப்போடப் போவதில்லை. காலாவதியாவதற்கு ஒரு வருடம் முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம் என்பதால் இரண்டு பேருக்கும் இப்போதே தாராளமாகப் போடலாம்.

அடுத்து உங்கள் பெயர் விஷயம். உங்கள் கடிதத்தில் எனக்குப் பிடித்த பகுதியே அதுதான். உங்கள் பெயரை இங்கே எழுதவில்லை, 'லட்சுமி' என்று வைத்துக்கொள்வோம். ஆதாரில் எல்-ஏ-கே-எஸ்-எச்-எம்-ஐ. பாஸ்போர்ட்டில் எல்-ஏ-டி-சி-எச்-ஓ-யூ-எம்-ஒய். பாகூரில் பிறந்தவர் என்று நீங்கள் எழுதவே வேண்டியதில்லை, இந்த எழுத்துக்கூட்டலே சொல்லிவிடும். பிரெஞ்சுக்காரர்கள் 1954-ல் புதுச்சேரியை விட்டுப் போய்விட்டார்கள், அவர்களுடைய 'ஓ-யூ' மட்டும் போகவில்லை. முருகன் இங்கே எம்-ஓ-யூ-ஆர்-ஓ-யூ என்றுதான் தொடங்குவார். பிறப்புச் சான்றிலும் பள்ளிச் சான்றிலும் அப்படியே இருக்கும். அப்புறம் ஆதார் எடுக்க வந்த பையன், பக்கத்து மாவட்டத்துக்காரன், காதில் விழுந்ததைத் தன் பழக்கப்படி தட்டிவிட்டுப் போயிருப்பான். புதுச்சேரி எல்லையில் இருக்கும் ரெட்டிச்சாவடியைத் தாண்டினால் பெயரே மாறிவிடும் ஊர் நம்முடையது.

இப்படி முரண் இருந்தால் பலரும் பாஸ்போர்ட்டை ஆதாருக்கு ஏற்ப மாற்றப் பார்க்கிறார்கள். நான் அதற்கு நேர் எதிராகச் சொல்வேன். பாஸ்போர்ட்டில் இருக்கும் எழுத்தைத் தொடாதீர்கள், ஆதாரை மாற்றுங்கள். உங்கள் பிறப்புச் சான்றும் பள்ளிச் சான்றும் அந்த எழுத்தில்தான் இருக்கின்றன. மகள் பிரான்சில் கொடுத்த காகிதங்களில் தாயின் பெயர் எப்படி இருக்கிறது என்று கேட்டுப் பாருங்கள், அநேகமாக 'ஓ-யூ' போட்டுத்தான் இருக்கும். பத்து வருடமாக விமான டிக்கெட்டிலும் விசாவிலும் ஓடிய பெயரை, கணினியில் யாரோ அவசரத்தில் தட்டிய எழுத்துக்காக மாற்றுவானேன்? தவிர, காலாவதியாகாத பாஸ்போர்ட்டையே ஆதாரில் பெயர் திருத்துவதற்கான ஆவணமாகக் காட்டலாம். ஒன்று மட்டும் கவனம், ஆதாரில் பெயரை வாழ்நாளில் 2 முறைதான் திருத்த முடியும். திரையில் தட்டியதை ஒவ்வோர் எழுத்தாகப் படித்துப் பார்த்த பிறகு சரி சொல்லுங்கள். கையோடு முகவரியையும் மஞ்சக்குப்பத்துக்கு மாற்றிவிடுங்கள், கணவருக்கும் சேர்த்து. இரண்டும் ஆதாரில் ஏறிய பிறகுதான் பாஸ்போர்ட் விண்ணப்பத்தைத் தொடங்க வேண்டும். இந்த வரிசையை மாற்றிச் செய்தவர்களைத்தான் பாஸ்போர்ட் சேவை மையத்தில் 'திரும்ப வாருங்கள்' என்று அனுப்பிவிடுகிறார்கள்.

கணவரின் சர்நேம் கொஞ்சம் சிக்கல்தான். இனிஷியல் போட்டு எழுதும் நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது, அப்பா பெயரின் முதல் எழுத்துதான் உண்டு. பாஸ்போர்ட்டில் இனிஷியலை ஏற்க மாட்டார்கள், விரித்து எழுத வேண்டும். அந்தக் காலத்தில் பலர் தம் பெயரை 'கிவன் நேம்' கட்டத்தில் போட்டுவிட்டு மற்றதைக் காலியாக விட்டார்கள். அது தப்பில்லை. ஆனால் 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், சுற்றுலா விசாவில் வருகிறவர்களுக்கு ஒரே பெயர் மட்டும் இருந்தால் ஏற்க மாட்டோம் என்றது. பாஸ்போர்ட்டின் இரண்டாம் பக்கத்தில் அப்பா பெயர் இருந்தால் ஏற்போம் என்று அப்புறம் தளர்த்தினார்கள். உங்கள் கணவருக்கு அந்தப் பக்கத்தில் அப்பா பெயர் இருக்கும், சமாளித்துவிடலாம். ஆனாலும் துபாயில் இறங்கும் ஆசை இருக்கிறதால், இப்போதே அப்பா பெயரைச் சர்நேம் கட்டத்தில் ஏற்றிவிடுவதுதான் நல்லது. ஆதார், பான் அட்டை இரண்டிலும் இனிஷியல் விரிந்து, ஒரே மாதிரி இருந்தால் வேலை சுலபம். அதைச் சாதாரணத் திருத்தமாக எடுத்துக்கொள்வதா, முழுப் பெயர் மாற்றமாகக் கருதிக் கூடுதல் ஆவணம் கேட்பதா என்பது மையத்தில் ஆவணம் பார்க்கும் அதிகாரியின் கையில் இருக்கிறது. அவரிடம் வாதாடாமல், எஸ்.எஸ்.எல்.சி. புத்தகத்தையும் எடுத்துக்கொண்டு போகச் சொல்லுங்கள்.

இ.சி.ஆர். பற்றிப் பயந்திருக்கிறீர்கள். நம் பக்கத்தில் இ.சி.ஆர். என்றால் சென்னைக்குப் போகும் கடற்கரைச் சாலைதான் நினைவுக்கு வரும். பாஸ்போர்ட்டில் இருப்பது, குறிப்பிட்ட 18 நாடுகளுக்கு வேலைக்குப் போகிறவர் முன்கூட்டியே குடிபெயர்வு அனுமதி வாங்க வேண்டும் என்கிற குறிப்பு. பத்தாவது தேறாதவர்களுக்குப் போடுவார்கள். மகள் பிரசவத்துக்குப் போகிற உங்களுக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. போதாததற்கு 50 வயது தாண்டியவர்களுக்கு அது தேவையும் இல்லை. விண்ணப்பத்தில் 'நான்-இ.சி.ஆர். தகுதி உண்டா' என்று கேட்கும் இடத்தில் ஆம் என்று போடுங்கள், புது பாஸ்போர்ட்டில் போய்விடும்.

விண்ணப்பத்தை நீங்களே போடலாம். என் பிழைப்புக்கு நானே வேட்டு வைத்துக்கொள்கிறேன், பரவாயில்லை. பாஸ்போர்ட்இந்தியா டாட் கவ் டாட் இன் என்பதுதான் அரசின் தளம். தேடும்போது மேலே வந்து நிற்கும் வேறு பல தளங்கள் அதே நிறம், அதே சிங்க முத்திரை எல்லாம் வைத்துக்கொண்டு கூடுதல் பணம் கேட்கும். முகவரி 'கவ் டாட் இன்' என்று முடிகிறதா என்று பாருங்கள். உள்ளே 'ரீ-இஷ்யூ' என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். புதுப்பித்தல் என்று நாம் சொல்வதற்கு அரசு வைத்திருக்கும் பெயர் அதுதான். 36 பக்கப் புத்தகத்துக்கு 1,500 ரூபாய், 60 பக்கத்துக்கு 2,000. தட்கல் என்றால் மேலே 2,000. ஆக 36 பக்கத் தட்கலுக்கே 3,500-தான். 8,000 கேட்பவரிடம் மீதி எதற்கு என்று ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள். 60 வயது தாண்டியவர்களுக்கு 10 சதவீதம் தள்ளுபடி உண்டே என்று உங்கள் கணவர் சொல்வார். அது முதல் முறை பாஸ்போர்ட் எடுப்பவர்களுக்குத்தான்.

உங்களுக்குத் தட்கல் தேவையில்லை. இப்போது ஜூலை. காவல்துறை அறிக்கை தாமதமில்லாமல் போனால் இரண்டு மூன்று வாரத்தில் சாதாரண முறையிலேயே கைக்கு வந்துவிடுவதைப் பார்க்கிறேன். ஆகஸ்டில் விசாவுக்குப் போட்டால் நிதானமாக இருக்கும். ஷெங்கன் விசாவுக்குப் பயணத்துக்கு 6 மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம், கடைசிக் கெடு 15 நாள். அந்தக் கெடுவை நம்பி உட்காராதீர்கள். அக்டோபர் 10 முதல் ஜனவரி 5 வரை 88 நாள் வருகிறது, 90 நாள் வரம்புக்குள் அடங்குகிறது. குட்டியைக் கொஞ்சிக்கொண்டே இன்னொரு வாரம் இருக்கலாம் என்று நீட்டிவிடாதீர்கள்.

பணம் கட்டியதும் சேவை மையத்துக்கு நாள் குறிக்க வேண்டும். கடலூரும் புதுச்சேரியும் சென்னை மண்டல பாஸ்போர்ட் அலுவலகத்தின் கீழ்தான் வருகின்றன. தமிழ்நாட்டு முகவரியோடு புதுச்சேரி மையத்துக்குப் போகலாமா என்று நிறையப் பேர் கேட்கிறார்கள். தாராளமாகப் போகலாம். 2018 முதல் நாட்டில் எந்த மையத்திலும் விண்ணப்பிக்கலாம். காவல்துறைச் சரிபார்ப்பு மட்டும் நீங்கள் கொடுத்த முகவரிக்கு உரிய நிலையத்துக்குப் போகும். இரண்டு பேருக்கும் ஒரே நாளில், அடுத்தடுத்த நேரம் கிடைக்கிறதா என்று பாருங்கள்.

அன்றைக்குப் பழைய பாஸ்போர்ட் அசல், அதன் முதல் 2 பக்கமும் கடைசி 2 பக்கமும் நகல் எடுத்துக் கையெழுத்துப் போட்டது, ஆதார் அசலும் நகலும். கணவர் பணி ஓய்வு பெற்ற ஆணையையும் வைத்துக்கொள்ளட்டும். வேலையில் இருக்கும்போது நிறுவனத்துக்குத் தெரிவித்த கடிதம் காட்ட வேண்டியிருக்கும், ஓய்வு பெற்றவருக்கு அது வேண்டாம். விண்ணப்பத்தில் தொழில் என்ற இடத்தில் பழைய ஞாபகத்தில் என்.எல்.சி. என்று போட்டுவிட்டால் அந்தக் கடிதத்தைக் கேட்பார்கள். அவ்வளவுதான் காகிதம்.

காகிதத்தைவிட ஆள்கள் மாட்டிக்கொள்வது வேறு இரண்டு விஷயத்தில். ஏ கவுண்டரில்தான் படம் எடுப்பார்கள், பின்னால் வெள்ளைத் திரை. நம் ஊர்ப் பெரியவர்கள் அரசு அலுவலகம் என்றதும் சலவை செய்த வெள்ளைச் சட்டையில் வந்து நிற்பார்கள். திரையில் பார்த்தால் கழுத்துக்கு மேலே தலை மட்டும் மிதக்கும். கணவருக்கு நீலமோ பழுப்போ எடுத்து வையுங்கள். இரண்டாவது, இது ஆடி மாதம். கோயில் கூழ், வளைகாப்பு என்று யாராவது கையைப் பிடித்து மருதாணி வைத்துவிடுவார்கள். விரல் நுனியில் மருதாணி இருந்தால் ரேகை சரியாகப் பதியாது. போன வருடம் ஓர் அம்மா பத்து விரலிலும் தொப்பி போட்டதுபோல் சிவப்பாக வந்து நின்றார். ரேகை எடுக்கும் பெண் துடைத்துத் துடைத்துப் பார்த்தார், கருவி ஒப்புக்கொள்ளவே இல்லை. மருதாணி வெளுக்கும்வரை காத்திருந்து வேறு நாளில் வந்தார். உங்களுக்கு உள்ளங்கையோடு நிறுத்தச் சொல்லுங்கள்.

பி கவுண்டரில் ஆவணம் பார்ப்பார்கள், சி கவுண்டரில் முடிவு சொல்வார்கள். பழைய பாஸ்போர்ட்டில் 'ரத்து' முத்திரை குத்தித் திருப்பித் தந்துவிடுவார்கள். அதைத் தூக்கிப் போடாதீர்கள். பழைய விசாக்கள் விண்ணப்பத்துக்கு உதவும்.

அப்புறம் காவல்துறை. முகவரி மாறியிருப்பதால் சரிபார்ப்பு வரும் என்றே வைத்துக்கொள்ளுங்கள். அதற்கென்று தனிக் கட்டணம் எதுவும் கிடையாது. போன் வரும், அல்லது வீட்டுக்கே வருவார்கள். அந்த நேரத்தில் வீடு பூட்டியிருந்து, தெரியாத எண் என்று நீங்கள் போனையும் எடுக்காமல் விட்டால், அந்த முகவரியில் ஆள் இல்லை என்று அறிக்கை போய்விடும். அதைச் சரிசெய்ய அலைவது பெரும்பாடு. அந்த இரண்டு வாரம் மட்டும் திருவந்திபுரம், சிதம்பரம் என்று கிளம்பாமல் வீட்டில் இருங்கள். மஞ்சக்குப்பத்துக்கு நீங்கள் புதுசு என்பதால், பக்கத்து வீட்டிலும் ஒரு வார்த்தை சொல்லி வையுங்கள்.

பாஸ்போர்ட் ஸ்பீட் போஸ்ட்டில் வரும். தபால்காரர் உங்கள் கையில்தான் கொடுப்பார். சென்னை மண்டலத்தில் 2025 மார்ச்சிலிருந்து சிப் வைத்த இ-பாஸ்போர்ட் தருகிறார்கள். அட்டையில் கீழே பொன்னிறத்தில் ஒரு சின்னக் குறி இருந்தால் அதுதான். கணவருக்குப் பாஸ்போர்ட்டைப் பின் பாக்கெட்டில் வைத்துக்கொண்டு உட்காரும் வழக்கம் இருந்தால் விட்டுவிடச் சொல்லுங்கள்.

கவரைப் பிரித்ததும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, பெயரில் அந்த 'ஓ-யூ' இருக்கிறதா, பிறந்த தேதி, பாகூர், கணவருக்குச் சர்நேம் எல்லாம் சரியா என்று பாருங்கள். இருந்தால் அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து மகளுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுங்கள். அவள் நகராட்சிக்குப் போகலாம்.